ஏழு அடித் தண்ணீர்: ஒரு சிறுபோகக் கூட்டத்தின் நிகழ்வு ஆய்வு

வன்னியில் ஒரு சிறுகுளத்தின் கீழ் உள்ள கமக்காரர் அமைப்பில் சில ஆண்டுகளுக்கு முன் பெரிய வாக்குவாதம் ஒன்று நடந்தது. பத்து நாளில் அது நல்ல விவாதமாக மாறியது. அது எப்படி நடந்தது என்பதை இங்கே முழுதாக எழுதி வைக்கிறேன். ஊரின் பெயரையும் ஆண்டையும் சொல்லவில்லை. அதே ஆட்கள் இன்றும் அதே வாய்க்காலில்தான் தண்ணீர் கட்டுகிறார்கள். நான் பாடசாலையில் தமிழ் படிப்பிக்கிறேன், பிள்ளைகளை விவாதப் போட்டிகளுக்கும் பழக்குகிறேன். அப்போது அமைப்பின் செயலாளராகவும் இருந்தேன். கூட்டக் குறிப்பு எழுதியது நான் என்பதால், யார் எப்போது என்ன சொன்னார்கள் என்பது பெரும்பாலும் கைவசம் இருக்கிறது. எழுதாமல் விட்டதும் உண்டு. அதைப் பின்னால் சொல்கிறேன்.

குளம்

எங்களுடையது கிளிநொச்சியில் உள்ள இரணைமடு போன்ற பெருங்குளம் அல்ல. 200 ஏக்கர் வரையான வயலுக்குப் பாய்கிற குளங்களைச் சிறுகுளம் என்பார்கள். அவை கமநல அபிவிருத்தித் திணைக்களத்தின் பொறுப்பில் வரும். எங்கள் குளத்தின் கீழ் 120 ஏக்கர் வயல், அறுபது சொச்சம் குடும்பங்கள். நிரம்பினால் துருசடியில், அதாவது வாய்க்காலுக்குத் தண்ணீர் திறந்துவிடும் மதகடியில், 10 அடி நிற்கும். ஐப்பசி தொடக்கம் மார்கழி வரை பெய்யும் மழையில் குளம் நிரம்பி வான் பாய்ந்துவிட்டால், மழைக்காலப் பயிரான காலபோகத்தைப் பற்றிக் கவலை இல்லை. அறுவடை முடிந்து பங்குனி பிறந்ததும்தான் கேள்வி வரும். மிஞ்சிய தண்ணீரை வைத்துக் கோடைப் பயிரான சிறுபோகம் செய்வதா, செய்தால் எத்தனை ஏக்கர், யாருடைய வயலில்?

அந்தப் பங்குனியில் குளத்தில் 7 அடி நின்றது.

முதற் கூட்டம்

பொதுநோக்கு மண்டபத்தில் ஞாயிறு பின்னேரம் கூடினோம். துருசுக்குக் கிட்ட வயல் வைத்திருக்கும் ஓர் அண்ணை முதலில் எழும்பினார்.

"ஏழடி தண்ணி நிக்குது. முந்தி ஒருமுறை ஏழடி நிக்கேக்கதான் அம்பது ஏக்கர் விதைச்சு வெட்டினனாங்கள். பிறகென்ன கதை?"

குளம் இறங்கினால் கீழ்வயல் பக்கத்துக் கிணறுகளும் இறங்கும். அந்தப் பக்கத்திலிருந்து பதில் வந்தது: "விதைக்கிறது உங்கட வயல். வத்துறது எங்கட கிணறு."

அப்புறம் மாடு வைத்திருக்கும் ஒரு பெரியவர், ஆவணியில் மாடுகளுக்குக் குடிக்கத் தண்ணீர் இருக்கவேணும், தனக்கு வேறு பேச்சே இல்லை என்றார். "ஐயா, விதண்டாவாதம் பண்ணாதேங்கோ" என்று ஒரு குரல். மேல்வயல்காரர் ஒருவர், "2010இல வந்து குடியேறின ஆக்களுக்கு இந்தக் குளத்தைப் பற்றி என்ன தெரியும்?" என்று கேட்டார். அதோடு தண்ணீரைப் பற்றிய பேச்சு முடிந்தது. யார் எப்போது வந்தவர், யார் எந்தக் காணியைப் பிடித்தவர், யாருடைய மகன் யாருடைய வேலியை வெட்டியவன் என்று போனது. கமநல நிலையத்திலிருந்து வந்திருந்த உத்தியோகத்தர் கடிகாரத்தைப் பார்க்கத் தொடங்கினார். முடிவில்லாமல் கலைந்தோம்.

வீட்டுக்கு வந்து குறிப்பை வாசித்துப் பார்த்தேன். கோபம்தான் கூட்டத்தைக் குழப்பியது என்று நினைத்திருந்தேன். வாசித்தபோது அப்படித் தெரியவில்லை. எல்லாரும் ஒரே கேள்விக்குப் பதில் சொல்வதாக நினைத்துக்கொண்டு மூன்று வேறு கேள்விகளுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

குளத்தில் உண்மையில் எவ்வளவு தண்ணீர் இருக்கிறது, அது எத்தனை ஏக்கருக்குக் காணும் என்பது ஒன்று. இதற்கு அளந்து பதில் சொல்லலாம். எந்தத் தேவைக்கு முதலிடம், நெல்லுக்கா, கிணற்றுக்கா, மாட்டுக்கா என்பது இன்னொன்று. எந்தத் தடியைக் கொண்டும் அதை அளக்க முடியாது; ஊர் பேசித்தான் தீர்மானிக்க வேண்டும். விதைக்கிற சில ஏக்கரின் பலன் யாருக்கு என்பது மூன்றாவது. அது நியாயம் பற்றியது. அண்ணை முதலாவதுக்குப் பதில் சொன்னார். பெரியவர் இரண்டாவதுக்குச் சொன்னார். கீழ்வயல்காரரின் மனதில் இருந்தது மூன்றாவது. ஒருவர் சொன்னது மற்றவருக்குப் பதிலாக இல்லாததால், எல்லாருக்கும் மற்றவர் பிடிவாதக்காரராகவே தெரிந்தார்.

விதண்டாவாதம் என்ற சொல்லைப் பற்றியும் இங்கே சொல்ல வேண்டும். பழைய தருக்க நூலார் வாதத்தை மூன்றாகப் பிரித்தார்கள். உண்மையைத் தேடிப் பேசுவது வாதம். வெல்வதற்காகவே பேசுவது செற்பம். தனக்கென்று ஒரு நிலைப்பாடும் இல்லாமல் மற்றவன் சொல்வதை மட்டும் உடைத்துக்கொண்டிருப்பது விதண்டை. அந்தப் பெரியவருக்கு எல்லாரையும்விடத் தெளிவான நிலைப்பாடு இருந்தது. அவர் பேசியதில் விதண்டை துளியும் இல்லை. எங்களுக்கு வசதியில்லாத பேச்சை நிறுத்த அந்தச் சொல்லை எடுத்தோம், அவ்வளவுதான்.

எழுதாமல் விட்ட வரி

முதற் கூட்டத்தில் ஒரு அக்காவும் பேசினார். 1977 கலவரத்துக்குப் பிறகு மலையகத்திலிருந்து வன்னிக்கு வந்த குடும்பங்களில் ஒன்று அவருடையது. கீழ்வாய்க்காலில் ஒன்றரை ஏக்கர் செய்கிறார். அவர் கேட்டது இதுதான்: "துருசடியில மட்டும் அளந்துபோட்டு குளம் முழுக்க அப்பிடித்தான் எண்டு எப்பிடிச் சொல்லுறீங்க? அலைகரைப் பக்கம் மண் ஏறிக் கிடக்கே."

அலைகரை என்பது குளக்கட்டுக்கு எதிரே, தண்ணீர் ஏறி இறங்கும் கரைப் பக்கம். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. நானும் எழுதவில்லை. மூன்று நாள் கழித்து, நீர்ப்பாசன வேலையில் இருந்து ஓய்வு பெற்ற ஒருவர் தேநீர்க் கடையில் இதையே சொன்னார். அன்று பின்னேரமே ஊர் முழுக்க அந்தப் பேச்சாக இருந்தது. "ஐயா சொன்னதில ஒரு விசயம் இருக்கு" என்றார்கள். நானும் அதைக் குறிப்பேட்டில் அவர் பெயரிலேயே எழுதிவிட்டேன். இரவு அக்காவின் குரல் நினைவுக்கு வந்த பிறகுதான் எனக்கு உறைத்தது.

இந்த நிகழ்வில் நான் அதிகம் யோசித்தது இதைப் பற்றித்தான். ஆளைத் தாக்கிப் பேசுவது பிழை என்று பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறோம். "2010இல் வந்த ஆக்கள்" என்ற பேச்சு அந்த வகை. அது சத்தமாக வருவதால் பிழை என்று எல்லாருக்கும் தெரியும். ஒரு நியாயத்தைக் காதில் விழுத்தாமலே கடந்து போவது சத்தமில்லாமல் நடக்கிறது. யாரும் மறுக்காததால், மறுப்பில் உள்ள பிழையைக் காட்டவும் வழியில்லை. ஓய்வு பெற்றவருடைய அனுபவத்துக்கு மதிப்புக் கொடுத்ததில் குறையில்லை. ஆனால் அலைகரையில் மண் ஏறியிருக்கிறது என்பது கண்ணால் கண்ட செய்தி. அந்த வரம்பில் நாள்தோறும் நடக்கிற ஒருவர் அதைச் சொன்னால் அதற்குப் பட்டமோ பதவியோ தேவையில்லை. நாங்கள் சொல்லப்பட்டதைப் பார்க்கவில்லை. சொன்னவர் எந்த ஊரிலிருந்து வந்தவர் என்பதைப் பார்த்தோம்.

இரண்டாம் கூட்டத்தின் தொடக்கத்தில் இதைச் சபையில் சொல்லி, குறிப்பேட்டில் திருத்தி எழுதினேன். அக்கா ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அன்று முன்வரிசைக்கு வந்து இருந்தார்.

மேற்கொண்டு களைதல்

உயர்தரத்தில் தமிழ் படித்தவர்களுக்கு நன்னூலின் எழுவகை மதம் நினைவிருக்கும். பரீட்சைக்குப் பாடமாக்கிவிட்டு மறந்துவிடுகிற பகுதி. ஒரு நூலாசிரியன் பிறர் கருத்தோடு எப்படி நடந்துகொள்ளலாம் என்று ஏழு வழி சொல்லுகிறது: உடன்படலாம், மறுக்கலாம், இருவர் மாறுபட்டுச் சொன்னதில் ஒன்றைத் துணியலாம், இப்படிப் போகும். மூன்றாவது, "பிறர்தம் மதமேற் கொண்டு களைவு". மற்றவருடைய கருத்தை முதலில் உன்னுடையதாக ஏற்றுக்கொண்டு, அப்புறம் அதை நீக்கு. மேற்கொள்ளுதல் முன்னால் வருகிறது, களைதல் பின்னால் வருகிறது. பல வருடம் இதைப் படிப்பித்திருக்கிறேன். வரிசையில் உள்ள பொருள் அந்தப் பங்குனியில்தான் எனக்குப் பிடிபட்டது. மேற்கொள்ளாத ஒன்றைக் களைய முடியாது. அப்படிக் களைந்ததாக நினைப்பது நாமே செய்து நிறுத்திய வெருளியைத்தான்.

விவாதப் போட்டியில் நான் பிள்ளைகளுக்குப் பழக்கியது இதற்கு எதிர்மாறு. எதிரணியின் பேச்சில் ஆக மெலிந்த வரியைப் பிடி, அதை நாலு தரம் திருப்பிச் சொல், மணி அடிக்க முன்னம் கைதட்டு வாங்கு. போட்டிக்கு அது பயன்படும். சபைக்கூச்சம் போகும், வேகமாக யோசிக்க வரும். ஆனால் போட்டி முடிந்தால் நடுவர் புள்ளி போட, எல்லாரும் வீட்டுக்குப் போகலாம். கமக்காரர் கூட்டத்தில் தோற்றவரின் வயலுக்கும் அதே வாய்க்கால்தான். அவர் மனம் ஒப்பாமல் போனால் இரவில் வாய்க்காலை வெட்டித் திருப்புவார். அதற்குக் காவல் போட்டு மாளாது.

ஆகவே இரண்டாம் கூட்டத்தில் ஒரு நிபந்தனை வைத்தோம். மறுத்துப் பேச விரும்புகிறவர் முதலில் மற்றப் பக்கத்தின் நியாயத்தைச் சொல்ல வேண்டும். அந்தப் பக்கத்து ஆள் "ஓம், அதுதான் நான் சொன்னது" என்று ஒப்புக்கொண்ட பிறகே தன்னுடையதைச் சொல்லலாம். மேல்வயல் அண்ணை முதல் முறை, "மாட்டுக்காரருக்கு நெல் விளையிறது பிடிக்கேல்ல" என்றார். பெரியவர் தலையை ஆட்டி இல்லை என்றார். இரண்டாம் முறை, "குளம் வத்தினா மாடுகளை ஆறேழு மைல் சாய்ச்சுக்கொண்டு போகோணும் எண்டு பயப்பிடுறார்" என்றார். "பயமில்லை தம்பி, ஒருமுறை போனனான். வழியில கண்டுகள் செத்தது" என்றார் பெரியவர். மண்டபம் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தது. மூன்றாம் முறை அண்ணை சரியாகச் சொன்னார். சொல்லி முடித்தபோது அவருடைய குரலே இறங்கியிருந்தது.

அடுத்து ஒவ்வொருவரிடமும் ஒரு கேள்வி கேட்டோம்: எதைக் காட்டினால் உங்கள் முடிவை மாற்றுவீர்கள்? அண்ணை யோசித்து, "தண்ணி முப்பது ஏக்கருக்கும் காணாது எண்டு கணக்கில காட்டினா நான் விடுறன்" என்றார். பெரியவர், "எதைக் காட்டினாலும் மாறமாட்டன், மாடு குடிக்கோணும்" என்றார். சிலர் சிரித்தார்கள். ஆனால் அதுவும் நேர்மையான பதில்தான். தண்ணீரின் அளவைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. எதை விட்டுக்கொடுக்க முடியாது என்பதைச் சொன்னார். அதை எல்லையாக வைத்துக்கொண்டோம். துருசடியில் 3 அடிக்குக் கீழ் இறக்குவதில்லை என்று ஒருமனதாகத் தீர்மானித்தோம். இரண்டாவது கேள்வி பாதி தீர்ந்தது.

அளந்ததும் கேட்டதும்

முதலாவது கேள்விக்கு வேலை தேவைப்பட்டது. கமநல நிலையத்தில் இருந்த பழைய அட்டவணைப்படி 7 அடி என்றால் 210 ஏக்கர்அடி. ஓர் ஏக்கர் பரப்பில் ஓர் அடி உயரத்துக்கு நிற்கும் நீர் ஓர் ஏக்கர்அடி. ஏறக்குறைய 1,233 கனமீற்றர். குளம் கிண்ணம் போன்றது, அடிப்பக்கம் ஒடுங்கும். பத்து அடிக் குளத்தில் 7 அடி நின்றால் பத்தில் ஏழு பங்கு தண்ணீர் என்று பலர் நினைத்திருந்தார்கள். உண்மையில் பாதியும் இல்லை. அதைக் கரும்பலகையில் கீறிக் காட்டியதும் மண்டபத்தில் ஒரு சலசலப்பு.

அக்கா கேட்ட கேள்விக்காக, உயர்தரப் பிள்ளைகள் சிலர் தோணியில் போய், அடிக்கணக்கு அடையாளமிட்ட மூங்கில் தடியால் இருபது இடத்தில் ஆழம் பார்த்தார்கள். அலைகரைப் பக்கம் பல இடங்களில் ஓர் அடி அளவுக்கு மண் ஏறியிருந்தது. கழித்துப் பார்க்க 180 ஏக்கர்அடி வந்தது. அடுத்தது ஆவியாதல். உலர்வலயத்தின் கோடையில் திறந்த நீர்ப்பரப்பில் நாளொன்றுக்கு 5 மில்லிமீற்றர் அளவில் போகும். 120 நாளில் 600 மில்லிமீற்றர், கிட்டத்தட்ட 2 அடி. "தண்ணியைத் தொடாமல் வைச்சால் அப்பிடியே இருக்கும்" என்று வாதாடிய கிணற்றுக்காரருக்கும் இது புதிது. நீர்ப்பரப்பு சுருங்கிக்கொண்டு போவதையும் சேர்த்து 50 ஏக்கர்அடி கழித்தோம். மாட்டுக்கு வைத்த 3 அடி இன்னொரு 25. மிஞ்சியது 105. மூன்றரை மாத நெல்லுக்கு எங்கள் மண்ணில், எங்கள் வாய்க்காலில், ஏக்கருக்கு 4 தொடக்கம் 5 ஏக்கர்அடி போகிறது. நடுவாக எடுத்தால் 23, 24 ஏக்கர்.

சரி, அப்படியானால் முந்தி 7 அடியில் 50 ஏக்கர் விளைந்தது எப்படி? அண்ணை பொய் சொல்கிறவர் அல்ல. குளத்துக் குறிப்பேடு இருந்தால் பார்த்திருக்கலாம். 2009 இடம்பெயர்வில் அது போய்விட்டது. வன்னியில் பல ஊர்களில் இதே நிலைமைதான். காணி உறுதி, கோயில் கணக்கு, குளத்துக் குறிப்பு எல்லாம் பங்கருக்குள்ளும் பாதையோரத்திலும் கிடந்து அழிந்தன. ஏட்டில் இருக்கவேண்டியதை நினைவில் வைத்திருக்கிறோம். நினைவை மதிக்க வேண்டும், ஆனால் அதைச் சோதித்துப் பார்க்கவும் வேண்டும்.

அந்தப் போகத்தைக் கண்ட மூன்று முதியவர்கள் ஊரில் இருந்தார்கள். மூவரையும் மண்டபத்துக்குக் கூப்பிட்டிருந்தால் முதலில் பேசுகிறவர் சொன்னதை மற்ற இருவரும் தங்களை அறியாமலே பின்பற்றியிருப்பார்கள். அதனால் ஒரே பின்னேரத்தில் மூன்று பிள்ளைகளை மூன்று வீட்டுக்கு அனுப்பினோம். எத்தனை ஏக்கர் என்று கேட்கச் சொன்னோம். ஐம்பதா என்று கேட்க வேண்டாம் என்றோம். ஒருவர் ஐம்பது என்றார். மற்றவர் முப்பதுக்கு மேல் இராது என்றார். மூன்றாமவருக்கு ஏக்கர் நினைவில்லை. ஆனால் இருவர், கேட்காமலே, ஒரு செய்தி சொன்னார்கள்: அந்தச் சித்திரையில் நல்ல மழை பெய்து, பயிர் நிற்கும்போதே குளம் திரும்ப ஏறியது.

ஆக, இரண்டு பங்குனியும் ஒன்றல்ல. 7 அடி என்ற எண் மட்டும் ஒன்று. அண்ணை இதைக் கேட்டுவிட்டு, "அந்த மழை எனக்கும் நினைவிருக்கு. ரண்டையும் சேர்த்து யோசிக்கேல்ல" என்றார். அவர் அப்படிச் சபையில் சொன்னதற்கு நான் இன்றும் அவருக்கு மரியாதை செய்கிறேன்.

யாருடைய வயல்

மூன்றாவது கேள்விதான் நீண்டது. 24 ஏக்கரையும் துருசுக்குக் கிட்ட விதைத்தால் வாய்க்காலில் வீணாவது குறைவு. ஆனால் அது மேல்வயல்காரரின் காணி. அந்த நிலத்தை ஒரு போகத்துக்கு எல்லாருக்கும் பங்கிட்டுக் கொடுக்கும் வழக்கம் பல குளங்களின் கீழ் உண்டு. "என்ர காணியை நான் ஏன் விடோணும்?" என்பது மேல்வயல் நியாயம். "குளக்கட்டுக்கு மண் போடேக்க எல்லாரும்தானே போட்டம்" என்பது கீழ்வயல் நியாயம். இரண்டும் நியாயம். எந்தக் கணக்கும் இதைத் தீர்க்காது. இரண்டு கூட்டம் எடுத்தது. பங்கு, ஆனால் காணிக்காரருக்குத் தன் பங்குக்கு மேல் கால் ஏக்கர் கூட, வரம்பைப் பழையபடி கட்டிக் கொடுப்பது பங்குக்காரரின் பொறுப்பு என்று முடிந்தது. கீழ்வயல்களில் பயறும் உளுந்தும். இரண்டு பேர் கடைசிவரை ஒப்பவில்லை. அவர்களுடைய மறுப்பையும் காரணத்தோடு எழுதினேன்.

இதே சிக்கல் பெரிய அளவிலும் வன்னியில் நடந்தது. இரணைமடு நீரை யாழ்ப்பாணத்துக்குக் குடிநீராகக் கொண்டு போவதா என்று ஆண்டுக்கணக்காக வாதாடினோம். மழை ஆண்டுகளில் சுண்டிக்குளம் நீரேரி வழியே கடலுக்குப் போகும் மிகை நீர் எவ்வளவு என்பது ஒரு கேள்வி. வறண்ட ஆண்டில் கமக்காரனின் தண்ணீருக்கு யார் உத்தரவாதம் என்பது வேறு கேள்வி. அதைத் தீர்மானிக்கும் உரிமை யாருக்கு என்பது இன்னொன்று. மேடைகளில் மூன்றும் ஒன்றாகக் கட்டப்பட்டு, கடைசியில் கிளிநொச்சியா யாழ்ப்பாணமா என்ற பகையாக ஆனது. பிறகு தாழையடியில் கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையம் வந்தது, 2024இல் திறந்தார்கள். குடிநீருக்கு வழி பிறந்தது நல்லது. அந்த மூன்று கேள்விகளும் மேசையில் தனித்தனியாக வைக்கப்படவே இல்லை என்பது எனக்கு இன்றும் வருத்தம்.

அறுவடைக்குப் பிறகு

24 ஏக்கரும் விளைந்தது. ஆனால் இந்த ஆய்வில் அதை நான் வெற்றிக்குச் சான்றாக எழுதமாட்டேன். வைகாசியில் எதிர்பாராமல் ஒரு நாள் நல்ல மழை கொட்டியது. கடைசித் தண்ணீர் விட்டு முடித்தபோது குளத்தில் 3 அடிக்குப் பதில் 4 அடி நின்றது. அண்ணை வெட்டின வயலில் நின்றுகொண்டு, "பாத்தியளோ ரீச்சர், இன்னும் அஞ்சு ஏக்கர் விதைச்சிருக்கலாம்" என்றார்.

அவர் சொன்ன கணக்குச் சரி. அதற்காகப் பங்குனியில் எடுத்த முடிவு பிழையாகிவிடாது. அந்த மழை பங்குனியில் எவருக்கும் தெரியாது. மழை பெய்யாமல் விட்டிருந்தால் நாங்கள் அதிகம் கெட்டிக்காரராகியிருக்கவும் மாட்டோம். விளைவு நன்றாக வந்தால் முடிவும் நன்று, விளைவு கெட்டால் முடிவும் கெட்டது என்று கணக்கிடுவதுதான் எங்கள் ஊர்ப் பேச்சுகளில் ஆக வேரோடிய பிழை என்று நினைக்கிறேன். 7 அடியில் 50 ஏக்கர் விளைந்த கதை இத்தனை வருடம் உயிரோடு இருந்ததும் அதனால்தான். சித்திரை மழை மறந்துபோய், வெட்டின நெல் மட்டும் நினைவில் நின்றது.

அதை வயலில் வைத்தே அவரிடம் சொன்னேன். அவர் உடனே ஒப்பவில்லை. "அப்ப வைகாசி மழை எத்தினை வருசத்துக்கு ஒருக்கா வருது எண்டு ஆர் எழுதி வைச்சிருக்கினம்?" என்று கேட்டார். நல்ல கேள்வி. யாரும் எழுதி வைக்கவில்லை.

அடுத்த பங்குனிக் கூட்டத்தில் அவரே முதலில் எழும்பினார். கீழ்வயல்காரரின் நியாயத்தைச் சொன்னார், அக்கா "ஓம்" என்றார். பிறகு, மழையை எதிர்பார்த்து ஐந்து ஏக்கர் கூட்டுவதானால் நட்டம் வந்தால் யார் தாங்குவது என்ற கேள்வியை வைத்தார். அது இன்னும் முடியவில்லை. இப்போது பாடசாலை வளவில் மழைமானி ஒன்று இருக்கிறது. பிள்ளைகள் காலையில் பார்த்து எழுதுகிறார்கள். மழையும் குளத்து நீர்மட்டமும், கூட்டத்தில் யார் என்ன சொன்னார் என்பதும் இரண்டு கொப்பிகளில் ஏறுகின்றன. ஒன்று பாடசாலை அலுமாரியில். மற்றது அக்காவின் வீட்டில், தகரப் பெட்டிக்குள்.